ஏவுதற்கருத்தா: சி.வி. குமாரின் படத்தயாரிப்பும் மலேசியத் தமிழ்த் திரைப்படமும்

முன்னுரை

தமிழ் இலக்கணம் கருத்தாவை இருவகையாகப் பகுத்துக் காட்டுகிறது. ஒரு செயலைத் தானே செய்பவன் இயற்றுதற்கருத்தா. பிறரைக் கொண்டு செய்விப்பவன் ஏவுதற்கருத்தா. சிற்பி கோயில் கட்டினான் என்பதும் அரசன் கோயில் கட்டினான் என்பதும் வழக்கில் ஒருங்கே ஏற்கப்படும் தொடர்களாகும். சங்கத் தொகை நூல்களைப் பற்றிய மரபுக் குறிப்புகளும் இவ்வேறுபாட்டைப் பேணியுள்ளன. ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார். தொகுப்பித்தவன் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை. அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மர். தொகுப்பித்தவன் பாண்டியன் உக்கிரப்பெருவழுதி. பாடியவர், தொகுத்தவர், தொகுப்பித்தவர் ஆகிய மூவருக்கும் தனித்தனி இடம் அளித்த மரபில் வந்த நாம், திரைப்படத்தைப் பற்றி எழுதும்போது மட்டும் செய்விப்பவரை மறந்துவிடுகிறோம்.

தமிழ்த் திரைப்படத் திறனாய்வு முதலில் நடிகரை மையமாகக் கொண்டது. பின்னர் இயக்குநரை மையமாகக் கொண்டது. தயாரிப்பாளர் பணம் போட்டவர் என்ற அளவிலேயே நின்றுவிட்டார். அவருடைய தெரிவுகள் எவ்வாறு ஒரு படத்தின் வடிவத்தையும் பொருளையும் தீர்மானிக்கின்றன என்னும் வினா அரிதாகவே எழுப்பப்பட்டுள்ளது. இக்கட்டுரை அவ்வினாவைச் சி.வி. குமார் என்னும் சுயேச்சைத் தயாரிப்பாளரின் பணியை முன்வைத்து ஆராய்கிறது. 2012ஆம் ஆண்டு தொடங்கி அவருடைய திருக்குமரன் என்டர்டெயின்மென்ட் நிறுவனம் வெளியிட்ட படங்களுக்கிடையே ஒரு பொதுக் கதையியல் காணப்படுகிறது என்பதும், அக்கதையியல் அவருடைய பொருளியல் நிலையிலிருந்தே பிறந்தது என்பதும் இக்கட்டுரையின் கருத்தாகும். அப்பணியின் வளர்ச்சியும் தளர்ச்சியும் மலேசியத் தமிழ்த் திரைப்படத்திற்கு உணர்த்துவது யாது என்பதும் இறுதியில் ஆராயப்படுகிறது.

தயாரிப்பாளரும் ஆசிரியத்துவமும்

இயக்குநரே திரைப்படத்தின் ஆசிரியர் என்னும் கோட்பாடு பிரான்சில் உருவானது. 1954இல் பிரான்சுவா த்ரூஃபோ எழுதிய கட்டுரை அதற்கு வித்திட்டது. 1960களில் ஆண்ட்ரூ சாரிஸ் அதனை அமெரிக்கத் திறனாய்வுக்குக் கொண்டு சென்றார். இக்கோட்பாடு திரைப்படத்தை இலக்கியத்துக்கு நிகரான கலையாக நிலைநாட்ட உதவியது என்பதில் ஐயமில்லை. எனினும், கூட்டு முயற்சியாக அமையும் ஒரு கலையில் ஒருவரை மட்டுமே ஆசிரியராகக் காணும் குறையும் அதனோடு வந்து சேர்ந்தது. 1988இல் தாமஸ் சாட்ஸ் ஹாலிவுட்டின் நிறுவன அமைப்பை ஆராய்ந்து, அக்காலப் படங்களின் தனித்தன்மைக்குத் தயாரிப்பாளர்களும் நிறுவன ஒழுங்கும் காரணம் என்று நிறுவியபோது இக்குறை வெளிப்படையாயிற்று.

நிறுவன ஒழுங்குக்கு வெளியே நின்ற தயாரிப்பாளருக்குச் சிறந்த எடுத்துக்காட்டு 2024இல் மறைந்த ரோஜர் கார்மன். குறைந்த செலவு, குறைந்த நாள்கள், அறிமுகமற்ற கலைஞர்கள் என்னும் மூன்று கட்டுப்பாடுகளுக்குள் அவர் நூற்றுக்கணக்கான படங்களை உருவாக்கினார். பிரான்சிஸ் ஃபோர்ட் கொப்போலா, பீட்டர் பொக்டனோவிச், மார்ட்டின் ஸ்கார்செஸி ஆகியோர் தம் தொடக்க காலத்தில் அவரிடம் படம் இயக்கியவர்கள். கார்மனின் படங்கள் பல மறக்கப்பட்டுவிட்டன; அவர் திறந்துவிட்ட வாயில் மறக்கப்படவில்லை.

தமிழகத்திலும் இத்தகைய ஒரு மரபு உண்டு. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், ஜெமினி, ஏவி.எம். போன்ற படநிலையங்கள் தயாரிப்பை ஒரே கூரையின்கீழ் வைத்திருந்த காலம் மெல்லத் தேய்ந்தபின், தனித் தயாரிப்பாளர்கள் தலையெடுத்தனர். அவர்களுள் சாண்டோ சின்னப்பா தேவரைப் போன்றோர் புகழ்பெற்ற நடிகரைச் சார்ந்து நின்றனர். வேறு சிலர் புதியவரை நம்பினர். பாரதிராஜாவின் முதற்படமான ‘16 வயதினிலே’ (1977) எஸ்.ஏ. ராஜ்கண்ணுவின் தயாரிப்பாகும். 1990இல் ஆர்.பி. சௌத்ரி, ‘புது வசந்தம்’ வழி விக்கிரமனையும் ‘புரியாத புதிர்’ வழி கே.எஸ். ரவிக்குமாரையும் இயக்குநர்களாக அறிமுகப்படுத்தினார். சி.வி. குமார் இவ்வரிசையில் பின்வந்தவர். ஆயினும் அவருடைய சூழல் முன்னவர்களுடையதிலிருந்து வேறுபட்டது.

2012: ஒரு வாயில் திறந்த ஆண்டு

அச்சூழலை உருவாக்கிய காரணிகள் மூன்று. முதலாவது, படச்சுருளிலிருந்து எண்மிய முறைக்கு மாறிய மாற்றம். ஈஸ்ட்மன் கோடாக் நிறுவனம் 2012 ஜனவரியில் திவால் பாதுகாப்பை நாடியது. ஃபியூஜிஃபிலிம் அதற்கடுத்த ஆண்டில் திரைப்படச் சுருள் உற்பத்தியை நிறுத்தியது. படச்சுருளுக்கும் திரையரங்குப் பிரதிகளுக்கும் ஆகும் செலவு நீங்கியதால், சிறு முதலீட்டாளர் ஒருவர் முழுநீளப் படம் எடுப்பது இயல்வதாயிற்று. இரண்டாவது, கலைஞர் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ‘நாளைய இயக்குநர்’ என்னும் குறும்படப் போட்டி. உதவி இயக்குநராகப் பல்லாண்டு காத்திருக்க வேண்டிய பழைய முறைக்கு மாற்றாக, இளைஞர்கள் தம் திறனை நேரடியாகக் காட்டக்கூடிய களத்தை அது அளித்தது. மூன்றாவது, அப்போது தொலைக்காட்சி நிறுவனங்கள் சிறிய படங்களின் ஒளிபரப்பு உரிமையையும் விலை கொடுத்து வாங்கிவந்தமை. திரையரங்கில் ஓரளவே ஓடும் படமும் முதலைத் திரும்பப் பெறும் வாய்ப்பு இதனால் கிட்டியது.

இம்மூன்றையும் ஒருங்கே இணைத்துப் பயன்படுத்தியதே சி.வி. குமாரின் முதன்மைத் திறன் எனலாம். பா. இரஞ்சித்தின் ‘அட்டகத்தி’ 2012 ஆகஸ்டு 15ஆம் நாளும், கார்த்திக் சுப்பராஜின் ‘பீட்சா’ அதே ஆண்டு அக்டோபர் 19ஆம் நாளும், நலன் குமரசாமியின் ‘சூது கவ்வும்’ 2013 மே 1ஆம் நாளும் வெளிவந்தன. ஒன்பது மாதங்களுக்குள் வெளிவந்த இம்மூன்றும் இயக்குநர்களின் முதற்படங்கள். அவர்களுள் பின்னிருவரும் குறும்படப் போட்டியின் வழி வந்தவர்கள். ‘முண்டாசுப்பட்டி’ (2014) படத்தின் இயக்குநர் ராம்குமார் அப்போட்டிக்கு எடுத்த அதே பெயர் கொண்ட குறும்படமே முழுநீளப் படமாக விரிந்தது. ‘தெகிடி’ (2014), ‘இன்று நேற்று நாளை’ (2015) ஆகியவையும் முதற்பட இயக்குநர்களின் ஆக்கங்களே. இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் ‘அட்டகத்தி’யில் அறிமுகமானார். விஜய் சேதுபதியைப் பரந்த பார்வையாளர் கூட்டத்திடம் கொண்டு சேர்த்ததில் ‘பீட்சா’வுக்கும் ‘சூது கவ்வும்’ படத்திற்கும் பெரும்பங்கு உண்டு.

இப்படங்கள் வெற்றி பெற்றன என்பது மட்டும் இங்குக் கருதத்தக்கதன்று. எந்தக் கதையைத் தெரிவு செய்தார், எதனைத் தவிர்த்தார் என்பதில்தான் தயாரிப்பாளரின் கை புலப்படுகிறது.

பொய்மை என்னும் பொதுப்பொருள்

திருக்குமரன் நிறுவனப் படங்களின் தலைப்புகளை வரிசைப்படுத்திப் பார்த்தால் ஒரு வியப்பான ஒற்றுமை தென்படும். அட்டகத்தி என்பது வெட்டாத கத்தி, அதாவது கத்தியைப் போல நடிக்கும் பொருள். சூது கவ்வும் என்பதில் சூது வெளிப்படையாகவே நிற்கிறது. தெகிடி என்பது புரட்டு, சூது எனப் பொருள்படும் பழஞ்சொல். குமாரே இயக்கிய ‘மாயவன்’ (2017) மாயத்தைத் தலைப்பிலேயே கொண்டது. இவை வெவ்வேறு இயக்குநர்களின் படங்கள். வெவ்வேறு மனங்களில் தோன்றிய கதைகள் ஒரே பொருளைச் சுற்றிவருவது தற்செயல் அன்று எனில், அவற்றைத் தெரிவு செய்த மனத்தையே நாம் நோக்க வேண்டியுள்ளது.

தலைப்பிலிருந்து கதைக்குச் சென்றாலும் இவ்வொற்றுமை தொடர்கிறது. ‘பீட்சா’வில், உணவு கொண்டு சேர்க்கும் மைக்கேல் ஒரு மாளிகையில் கழித்த அச்சமூட்டும் இரவைப் பார்வையாளர் உண்மையென நம்புகின்றனர். பின்னர் அது வைரங்களைக் கவர்வதற்காக அவனும் அவன் துணைவியும் புனைந்த கதை எனத் தெரியவருகிறது. ‘தெகிடி’யில், துப்பறியும் இளைஞன் தன் தொழிலாகக் கருதிச் செய்த வேலையே காப்பீட்டு மோசடி ஒன்றின் கருவியாக அமைந்திருக்கிறது. ‘முண்டாசுப்பட்டி’யில் ஓர் ஊரே புகைப்படம் எடுத்தால் உயிர் போகும் என்னும் நம்பிக்கைக்குக் கட்டுப்பட்டுள்ளது, வானிலிருந்து விழுந்த கல் அங்குத் தெய்வமாகிறது. ‘இன்று நேற்று நாளை’யில் காலப்பொறி ஒன்று கையில் கிடைத்த இளைஞர்கள், அதனைச் சோதிடத் தொழிலுக்குப் பயன்படுத்துகின்றனர்.

இங்குப் பொய்மை அறநெறிக்குரிய பொருளாக மட்டும் வரவில்லை. அது கதை சொல்லும் முறையாகவும் அமைகிறது. இதற்கான காரணத்தைப் பொருளியலில் தேடுதல் தகும். புகழ்பெற்ற நடிகர் இல்லாத படத்தில் பார்வையாளரை இருத்தி வைக்க வேண்டியது கதையே. வெளிநாட்டுப் பாடற்காட்சியும் பெரும் சண்டைக்காட்சியும் செலவு மிக்கவை. ஆனால், தான் கண்டது உண்மையன்று எனப் பார்வையாளர் உணரும் கணத்தின் வியப்புக்குச் செலவு ஏதுமில்லை; அது எழுத்து மேசையிலேயே உருவாகிவிடுகிறது. ஒரு வீடு, ஓர் இரவு, ஒரு கைவிளக்கு, ஒரு நடிகர் ஆகியவற்றைக் கொண்டு ‘பீட்சா’வின் நடுப்பகுதி நெடுநேரம் நகர்கிறது. அச்சிக்கனமே அப்பகுதியின் அச்சத்திற்கும் காரணம். விளக்கொளி விழாத இடத்தைக் காட்ட வேண்டிய தேவை படத்திற்கு இல்லை. அங்கிருப்பதைப் பார்வையாளரே கற்பனை செய்துகொள்கிறார்.

இவற்றுள் ‘சூது கவ்வும்’ தலைசிறந்தது என்பது இக்கட்டுரையாளரின் மதிப்பீடு. அதில் தாஸ் என்பவன் ஐந்து விதிகளை வகுத்துக்கொண்டு சிறிய அளவில் ஆள்கடத்தலைத் தொழிலாக நடத்துகிறான். பெரிய இடத்தில் கை வைக்கக் கூடாது, பேராசை கூடாது, சிறுதொகையோடு நிறைவடைய வேண்டும் என்னும் போக்கிலான அவ்விதிகள், சிறுமுதலீட்டுத் தயாரிப்பாளரின் ஒழுக்க விதிகளைப் போலவே ஒலிக்கின்றன. விதியை மீறி அமைச்சர் மகனைக் கடத்தும்போதுதான் அவன் தொழில் குலைகிறது. நேர்மையான அமைச்சர் தோற்கிறார். தந்தையையே ஏமாற்றிய மகன் அரசியலில் ஏற்றம் பெறுகிறான். தண்டனை இல்லை, திருந்துதல் இல்லை, அறவுரை இல்லை. அறம் வெல்லும் என்னும் முடிவைத் தமிழ்ப் படம் தவறாது அளிக்க வேண்டும் என்னும் எதிர்பார்ப்பை இப்படம் நகைச்சுவையின் துணைகொண்டு கைவிட்டது. புகழ்பெற்ற நடிகரின் நற்பெயரைக் காக்க வேண்டிய கடப்பாடு இல்லாத தயாரிப்பாளரே இத்தகைய முடிவுக்கு இசைய முடியும். சுயேச்சை என்பது செலவுக் குறைவு மட்டுமன்று; முடிவைத் தீர்மானிக்கும் உரிமையும் அதனுள் அடங்கும் என்பதற்கு இஃது ஒரு சான்று.

புறத்தே நின்ற படமும் புறக்கணிக்கப்பட்ட பெண்ணும்

இப்பொதுக் கதையியலுக்குள் முழுமையாக அடங்காத படம் ‘அட்டகத்தி’. சென்னையின் விளிம்பிலுள்ள ஊர் ஒன்றில் வாழும் தினகரன் என்னும் இளைஞன் காதலிக்க விரும்புகிறான். ஒவ்வொரு முறையும் தோற்கிறான். கதை எளியது. ஆனால் அவ்வூரின் வீடுகள், உணவு, பேருந்துப் பயணம், கானாப் பாட்டு, சாவு வீடு ஆகியவை இதற்குமுன் தமிழ்த் திரையில் காணக்கிடைக்காத இயல்போடு காட்டப்பட்டன. ஒடுக்கப்பட்ட மக்களின் வாழ்வு துன்பக்கதையாக மட்டுமே திரையில் இடம்பெற்றுவந்த நிலையில், அவ்வாழ்வின் களிப்பை முதன்மைப்படுத்தியது இப்படம். சாதியின் பெயர் சொல்லப்படவில்லை, விளக்கமும் தரப்படவில்லை. தன் முதற்படத்திலேயே இத்தகைய கதையை ஏற்ற தயாரிப்பாளரின் துணிவு பாராட்டத்தக்கது. எனினும், அடுத்து வந்த படங்களில் அந்நிறுவனம் இத்தடத்தைத் தொடரவில்லை. திருப்பம் மிக்க கதையே வாணிக வெற்றி தரும் என்னும் முடிவுக்கு ‘பீட்சா’வின் வெற்றி வழிகோலியது போலும்.

மற்றொரு குறை பெண் பாத்திரங்களைப் பற்றியது. ‘சூது கவ்வும்’ படத்தில் நாயகி ஷாலு, தாஸின் கற்பனையில் மட்டும் வாழ்பவள். நாயகிக்கு வேலையில்லாத தமிழ்ப் படங்களைப் பகடி செய்யும் உத்தியாக இதனைக் கொள்ளலாம். ஆனால் அப்பகடியும் பெண்ணுக்கு வேலை தரவில்லை. ‘பீட்சா’வில் திட்டத்தின் பாதியை வகுத்த அனு, படத்தின் பெரும்பகுதியில் திரைக்கு வெளியிலேயே இருக்கிறாள். ஏமாற்றும் அறிவு ஆணுக்குரியதாகவும் ஏமாற்றத்தின் பொருள் பெண்ணாகவும் அமையும் போக்கு இப்படங்களில் பரவலாக உண்டு. 2019இல் குமார் இயக்கிய ‘கேங்ஸ் ஆஃப் மெட்ராஸ்’ கணவனை இழந்த பெண்ணின் பழிவாங்கலை மையப்படுத்தியது. ஆனால் அதற்குள் அந்நிறுவனத்தின் ஏற்றக்காலம் கடந்துவிட்டிருந்தது.

பெயர் எஞ்சியது, ஆள் நீங்கினர்

2012இல் அறிமுகமான இரஞ்சித்தும் கார்த்திக் சுப்பராஜும் ஏழாண்டுகளுக்குள் ரஜினிகாந்தை இயக்கும் நிலைக்கு உயர்ந்தனர்: முன்னவர் ‘கபாலி’ (2016), ‘காலா’ (2018) ஆகியவற்றை இயக்கினார், பின்னவர் ‘பேட்ட’ (2019) படத்தை இயக்கினார். அவ்வாய்ப்புகளை அளித்தவர்கள் வேறு தயாரிப்பாளர்கள். ராம்குமாரின் இரண்டாம் படமான ‘ராட்சசன்’ (2018), ரவிக்குமாரின் இரண்டாம் படமான ‘அயலான்’ (2024) ஆகியவையும் பிற நிறுவனங்களிலிருந்தே வந்தன. நலன் குமரசாமியின் இரண்டாம் படமான ‘காதலும் கடந்து போகும்’ (2016) மட்டும் விதிவிலக்கு. கொரியப் படம் ஒன்றின் உரிமையை முறைப்படி பெற்று எடுக்கப்பட்ட அப்படத்தைக் குமாரே தயாரித்தார்.

இதில் நன்றி மறத்தல் எதுவுமில்லை; இது சுயேச்சைத் தயாரிப்பின் இயல்பான விதி. புதியவரின் ஊதியம் குறைவாக இருப்பதால்தான் முதற்படம் சாத்தியமாகிறது. அப்படம் வெற்றி பெற்றவுடன் அவருடைய மதிப்பு உயர்கிறது. உயர்ந்த மதிப்பைத் தாங்கும் வலு அதே தயாரிப்பாளரிடம் இருப்பதில்லை. படநிலையக் காலத்தில் ஒப்பந்தம் கலைஞரைக் கட்டிவைத்தது. சுயேச்சைத் தயாரிப்பாளரிடம் அக்கட்டு இல்லை. தான் வளர்த்தவரைத் தன் வெற்றியாலேயே இழக்கும் முரண் அவருக்கு வாய்க்கிறது.

ஆள் நீங்கியபின் அவரிடம் எஞ்சுவது படத்தின் பெயரும் கதையுரிமையுமே. திருக்குமரன் நிறுவனத்தின் பிற்கால வரிசை இதனைத் தெளிவுறக் காட்டுகிறது. 2013இலேயே ‘பீட்சா’வின் இரண்டாம் பாகம் என்னும் அடையாளத்தோடு ‘வில்லா’ வந்தது. அது வேறொரு இயக்குநரின் வேறொரு கதை. 2023இல் ‘பீட்சா 3’ வந்தது. 2024 டிசம்பரில் ‘சூது கவ்வும் 2’ வெளிவந்தது. அதனை இயக்கியவர் எஸ்.ஜே. அர்ஜுன், முதன்மைப் பாத்திரத்தில் நடித்தவர் சிவா. முதற்பாகத்தை உருவாக்கிய இயக்குநரும் நாயகனும் இல்லாமல் அதன் பெயர் மட்டும் மீண்டும் திரைக்கு வந்தது. திருப்பத்தை நம்பிய கதையியலுக்கு இதில் உள்ளார்ந்த இடர் ஒன்றும் உண்டு. ஒருமுறை ஏமாந்த பார்வையாளர் மறுமுறை ஏமாறுவதற்கு ஆயத்தமாகவே வருகிறார். ஆயத்தமாக வந்தவரை வியக்கவைக்கத் திருப்பத்திற்கு மேல் திருப்பம் தேவைப்படுகிறது. எழுத்து மேசையில் செலவின்றிக் கிடைத்த வியப்பு இவ்வாறு வாய்பாடாக இறுகிவிடுகிறது.

புறச்சூழலும் மாறிற்று. தொலைக்காட்சி நிறுவனங்கள் சிறிய படங்களை வாங்குவதைக் குறைத்துக்கொண்டன. தமிழ்த் தலைப்புக்கு 2006 முதல் தமிழக அரசு அளித்துவந்த கேளிக்கை வரிவிலக்கு, 2017 ஜூலையில் பொருள், சேவை வரி நடைமுறைக்கு வந்ததும் தன் பயனை இழந்தது. நூறு ரூபாய்க்கு மேற்பட்ட நுழைவுச் சீட்டுக்கு 28 விழுக்காட்டு வரி அப்போது விதிக்கப்பட்டது. 2012இல் திறந்த வாயிலின் நிலைகள் ஒவ்வொன்றாகச் சாய்ந்தன.

எனினும், குமாரின் பணி தலைப்புகளோடு முடிந்துவிடவில்லை. அவரால் அறிமுகமான இயக்குநர்கள் தாமே தயாரிப்பாளர்கள் ஆயினர். இரஞ்சித்தின் நீலம் புரொடக்‌ஷன்ஸ் ‘பரியேறும் பெருமாள்’ (2018) வழி மாரி செல்வராஜை அறிமுகப்படுத்தியது. கார்த்திக் சுப்பராஜின் ஸ்டோன் பெஞ்ச் நிறுவனம் ‘மேயாத மான்’ (2017) வழி ரத்னகுமாரை அறிமுகப்படுத்தியது. ‘அட்டகத்தி’ தொடங்கி, அதன் தயாரிப்பு நிறுவனம் தொடராத தடத்தை, அப்படத்தின் இயக்குநர் தன் சொந்த நிறுவனத்தின்வழித் தொடர்ந்தார் என்பது இங்குச் சிறப்பாகக் கருதத்தக்கது. பெயரை மீண்டும் விற்பது ஒருவகைத் தொடர்ச்சி. புதியவருக்கு வாய்ப்பளிக்கும் பழக்கத்தை அடுத்தவர் கைக்கொள்வது மற்றொருவகைத் தொடர்ச்சி. குமாரின் பணியில் இரண்டும் உள்ளன. அவற்றுள் பின்னதே நிலைக்கும்.

மலேசியச் சூழலில் செய்விப்போர்

மேற்கண்ட ஆய்வு நம் நாட்டுச் சூழலுக்குப் பொருந்துமா என்னும் வினா எழலாம். மலேசியத் திரைப்படத்தின் தொடக்கமே செய்விப்போரின் கதையாகும். செபராங் ஜெயாவுக்கு அண்மையிலுள்ள புக்கிட் மெர்தாஜாமில் 1948இல் பாடிய பினாங்கு இளைஞர் பி. ரம்லியைக் கண்டறிந்தவர் இந்தியாவிலிருந்து வந்த இயக்குநர் பி.எஸ். ராஜ்ஹன்ஸ். ரம்லி முதன்முதலாக நாயகனாக நடித்த ‘பக்தி’ (1950) படத்தை இயக்கியவர் பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன். முதலீடு சீனர்களான ஷா சகோதரர்களுடையது, மொழி மலாய். வாயிலைத் திறந்தவரின் இனத்தையோ தாய்மொழியையோ அக்காலத்தில் எவரும் படத்தின் நாட்டுரிமைக்கு அளவுகோலாகக் கொள்ளவில்லை.

பிற்காலத்தில் அளவுகோல் வந்தது. உரையாடலில் 70 விழுக்காடேனும் தேசிய மொழியில் இருத்தல் வேண்டும் என்னும் நிபந்தனை, உள்நாட்டுப் படத்திற்குரிய சலுகைகளிலிருந்தும் விருதுகளிலிருந்தும் தமிழ்ப் படங்களை விலக்கி வைத்தது. தமிழகம் தலைப்பில் தமிழைக் கேட்டது. நம் நாடு உரையாடலில் மலாய்மொழியைக் கேட்டது. இரண்டும் மொழியைக் கொண்டு வரியை அளந்த ஏற்பாடுகளே. ஆனால் முன்னது தமிழ்த் தயாரிப்பாளரின் செலவைக் குறைத்தது, பின்னது கூட்டியது. 2016இல் நடைபெற்ற 28ஆம் மலேசியத் திரைப்பட விழாவில் தேசிய மொழி அல்லாத படங்கள் தனிப்பிரிவில் வைக்கப்பட்டபோது கலைஞர் பலர் எதிர்ப்புத் தெரிவித்தனர். ஏற்பாடு மாற்றப்பட்டது, சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ (2015) சிறந்த மலேசியத் திரைப்படத்திற்கான விருதைப் பெற்றது.

‘ஜகாட்’ சிவானந்தம் பெரியண்ணனின் தயாரிப்பு. மலாயில் தீமையைக் குறிக்கும் சொல் தமிழர் நாவில் திரிந்த வடிவமே அதன் தலைப்பு. தோட்டங்கள் துண்டாடப்பட்டபின் 1990களில் நகர விளிம்புக்குத் தள்ளப்பட்ட குடும்பம் ஒன்றில் வளரும் சிறுவனை அது பின்தொடர்கிறது. அதற்கு ஒரு பத்தாண்டுக்கு முன் வந்த தீபக் குமாரன் மேனனின் ‘செம்மண் சாலை’ (2005) தோட்ட வாழ்வையே களமாகக் கொண்டது. அதனைத் தயாரித்தவர் சீன மலேசியரான இயக்குநர் டான் சுய் முய். ரம்லியின் காலத்தில் இருந்த இனங்கடந்த கூட்டுறவு சுயேச்சைத் திரைப்படத்தில் மீண்டும் தலைகாட்டியதற்கு இஃது எடுத்துக்காட்டாகும்.

திருக்குமரன் படங்களோடு இவற்றை ஒப்பிட்டால் ஒரு வேறுபாடு புலப்படும். செலவுக் குறைவு சென்னையில் சூழ்ச்சிக் கதையை ஈன்றது. இங்கே நினைவுக் கதையை ஈன்றது. அங்கே பார்வையாளர் வியக்க வேண்டியிருந்தது. இங்கே தம்மை அடையாளங்காண வேண்டியிருந்தது. ‘ஜகாட்’ வெளிவந்த ஏழாம் மாதத்தில், மலேசியத் தமிழர் குண்டர் கும்பல்களைக் கதைப்பொருளாகக் கொண்ட ‘கபாலி’ வந்தது. சென்னையில் குமாரின் வாயில் வழியே வந்த இயக்குநர் ஒருவர், நம் மண்ணின் கதையைப் பெருஞ்செலவில் எடுத்துரைத்தார். அதே மண்ணின் கதையை இங்கிருந்தே சொன்ன படம் சிறுமுதலீட்டில் உருவாகியிருந்தது. இவ்விரண்டையும் பகைப்பொருளாகக் காண வேண்டியதில்லை. ஆனால், நம் கதையைச் சொல்லும் வலு தொடர்ந்து யாரிடம் இருக்கிறது என்னும் வினாவைத் தவிர்க்கவும் இயலாது.

2020ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி மலேசியக் குடிமக்களில் இந்தியர் 6.7 விழுக்காட்டினர். அவர்களுக்கான திரையரங்க நேரத்தைத் தமிழகப் படங்கள் நிறைத்துவிடுகின்றன. இச்சிறு சந்தையில் ஒரு படம் எடுப்பது அரிது; இரண்டாவது படம் எடுப்பது அதனினும் அரிது. ஆகவேதான் டெனஸ் குமார், விமலா பெருமாள் இணையரின் வீடு நிறுவனம் ‘விளையாட்டுப் பசங்க’ (2011), ‘வெட்டி பசங்க’ (2014), ‘வெடிகுண்டு பசங்க’ (2018) எனத் தொடர்ந்து மூன்று படங்களை வெளியிட்டது கவனத்திற்குரியது. தலைப்பில் ஒரு சொல்லைத் தக்கவைத்துப் பார்வையாளரைத் தொடரச் செய்யும் உத்தி இங்கும் பயின்றுள்ளது. கலைநயம் பற்றிய மதிப்பீடு எவ்வாறாயினும், ஒரே நிறுவனம் நீடித்து நின்றமையே இங்கு ஒரு சாதனையாகும். ஆயினும் இம்மூன்றும் ஒரே இயக்குநரின் படங்கள். புதிய இயக்குநர்களை அடுத்தடுத்து அறிமுகப்படுத்தும் தயாரிப்பாளர் மரபாக அது விரிவடைய வேண்டும்.

களமும் கதையும் நம்மிடம் இல்லாமலில்லை. பினாங்கு மேம்பாட்டுக் கழகம் உருவாக்கிய புதுநகரான செபராங் ஜெயாவையே எடுத்துக்கொள்வோம். பிறை தொழிற்பேட்டையின் முறைவேலை, அடுக்குமாடிக் குடியிருப்பு, நெடுஞ்சாலை ஓரத்துக் கடைகள், தோட்டத்திலிருந்து பெயர்ந்து வந்த கோயில்கள் ஆகியவை இப்பகுதி வாழ்வின் கூறுகள். சென்னையின் விளிம்பிலுள்ள ஓர் ஊர் ‘அட்டகத்தி’க்குக் களமானதைப் போல, இவையும் ஒரு படத்திற்குக் களமாகலாம். குறும்படம் எடுக்கும் இளைஞர்கள் நம்மிடையே உள்ளனர். அஸ்ட்ரோ வானவில்லின் தொலைக்காட்சிப் படங்கள் ஓரளவு பயிற்சியும் அளித்துள்ளன. இல்லாதது, அக்குறும்படத்தைக் கண்டு, இதனை முழுநீளமாக்கலாம் எனத் தெரிவு செய்து, தோற்றாலும் அடுத்த ஆண்டு மற்றொருவருக்கு வாய்ப்பளிக்கும் ஏவுதற்கருத்தா.

முடிவுரை

சி.வி. குமாரின் பணியிலிருந்து மூன்று முடிவுகளைப் பெறலாம். ஒன்று, தயாரிப்பாளரின் பொருளியல் நிலை படத்தின் கதையியலை உருவாக்குகிறது. ஆகவே தயாரிப்பை ஆராயாத திரைப்படத் திறனாய்வு முழுமை பெறாது. இரண்டு, அவ்வாறு உருவான கதையியல் சூழல் மாறியபின்னும் தொடருமாயின் வாய்பாடாகித் தளர்கிறது. மூன்று, சுயேச்சைத் தயாரிப்பாளர் ஆளைத் தக்கவைக்க இயலாது. புதியவரை நம்பும் பழக்கத்தை மட்டுமே விட்டுச்செல்ல இயலும்.

மலேசியத் தமிழ்த் திரைப்படத்தைப் பற்றிய நம் உரையாடல் இதுவரை பெரும்பாலும் விருது, வரி, திரையரங்க நேரம் ஆகியவற்றைச் சுற்றியே அமைந்துள்ளது. அவை தேவையான போராட்டங்களே. அவற்றோடு, நம் படங்களைச் செய்வித்தவர் யார், எந்தக் கணக்கில் செய்வித்தார், ஏன் அடுத்த படத்தைச் செய்விக்க இயலாமற்போனார் என்பனவற்றையும் பதிவு செய்தல் வேண்டும். அப்பதிவு தயாரிப்பாளர்கள் வாழும் காலத்திலேயே நிகழ்வது நன்று. சங்கத் தொகை நூல்களிலும் சிலவற்றைத் தொகுப்பித்தவர் பெயர் நமக்குக் கிட்டவில்லை. அதற்குக் காலத்தின் நெடுமை காரணமாகலாம். ‘செம்மண் சாலை’க்கும் ‘ஜகாட்’டுக்கும் அத்தகைய காரணம் கூற நமக்கு இடமில்லை.